எள்ளுருண்டையும் ஒரு சத்தியமும்

லியோதமாஸ் வாத்தியார் பிரம்பை எடுத்தால் பின்வரிசை அடிமைகள் தூக்கம் கலைந்து நிமிர்ந்து உட்காருவார்கள். பையன்களைக் காலையில் கொண்டுவந்து விட்டுவிட்டு, திரும்பக் கூட்டிப்போகிறவரை சுவரில் சாய்ந்து கிடப்பதுதான் அவர்கள் வேலை. நாள் முழுக்க ஒப்பிப்பைக் கேட்டுக் கேட்டு அலுத்துப்போனவர்களுக்கு அடி ஒன்றுதான் வேடிக்கை.

அன்று எழுந்து நின்றவன் மொல்போஸ். துறைமுகத் தெருவில் கப்பல்களுக்குச் சரக்கு ஏற்றி இறக்கும் அபதூரியோஸின் மகன். போர்ப்பாட்டில் கப்பல்கள் கரை ஒதுங்கும் இடம்வரை நன்றாகத்தான் வந்தான். அங்கே வந்ததும் அடைத்துக்கொண்டது. கண்ணைக் கூரையில் வைத்துக்கொண்டு நின்றான். பக்கத்தில் இருந்த தியோன் எழுதுகிற மெழுகுப்பலகையை முகத்துக்கு மறைப்பாகப் பிடித்துக்கொண்டு அடுத்த வரியை மெல்ல எடுத்துக்கொடுத்தான். மொல்போஸ் அதைப் பிடித்துக்கொண்டு மளமளவென்று முடித்துவிட்டான்.

"ரொம்ப நல்லாருக்கு," என்றார் வாத்தியார். "இப்ப தியோன் சொன்ன வரிய விட்டுட்டு, நீ படிச்சத மட்டும் சொல்லு பாப்போம்."

வகுப்பு சிரித்தது. மொல்போஸுக்குக் காது சிவந்தது.

"நான் கேக்கலைங்க ஐயா. அவனாத்தான் சொன்னான். சத்தியமா நான் கேக்கவே இல்ல."

"கேக்கல. நான்தான் பாத்துக்கிட்டே இருந்தேனே, நீ வாயத் திறக்கல. ஆனா நீ முழிச்சுக்கிட்டு நின்னா அவன் எடுத்துக் குடுப்பான்னு உனக்குத் தெரியுமா, தெரியாதா?"

பையன் தரையைப் பார்த்தான்.

"வாயில என்ன, கொழுக்கட்டையா? தெரியுமா, தெரியாதா?"

"தெரியும் ஐயா."

"தெரிஞ்சுதான நின்னே? அப்ப வாய்தான் சும்மா இருந்துச்சு, நீ சும்மா இல்ல. கைய நீட்டு."

பிரம்பு விழுந்தது. பின்னாலிருந்து, திராக்கிய நாட்டிலிருந்து வந்த ஒரு கிழட்டு அடிமை பக்கத்தில் இருந்தவனிடம் முணுமுணுத்தான்: "கேட்டாலும் அடி, கேக்காட்டியும் அடி. நம்ம பொழப்பே தேவல போலிருக்கு." வாத்தியார் காதில் அது விழுந்தது. ஆனால் விழாததுபோல் இருந்துவிட்டார். மனதுக்குள் அவருக்கு ஒரு திருப்தி. நன்றாகச் சொன்னோம் என்று வீடு போகும் வழியெல்லாம் அந்த வாக்கியத்தைத் திரும்பத் திரும்பச் சொல்லிப்பார்த்துக்கொண்டே போனார். வாத்தியார்களுக்கு இந்த வியாதி உண்டு.

கிரேக்கர்களின் மிலேத்து நகரத்தில் எழுத்து வாத்தியார் வேலைக்கு மரியாதை வந்தது அண்மையில்தான். ஊர்ப் பணக்காரர் ஒருவர் பள்ளிக்கென்று பெருந்தொகை எழுதிவைக்கப்போக, ஊரே சம்பளம் கொடுத்து வாத்தியார்களை வைத்துக்கொள்ள ஆரம்பித்தது. எழுத்துக்கு நாலு பேர், மல்யுத்தத்துக்கு நாலு பேர். வருடா வருடம் அரங்கில் ஊர்ச்சபை கூடிக் கை தூக்கித் தேர்ந்தெடுக்கும். மிலேத்துக்காரர்கள் ஒருவரை ஒருவர் நன்றாக அறிந்தவர்கள். அதனால் சும்மா கை தூக்கினால் போதாது என்று ஒரு சத்தியத்தையும் கூடவே வைத்தார்கள். வேலைக்கு நிற்கிறவன் தூபக்காலின் முன்னால் வந்து, 'எனக்குக் கை தூக்கச் சொல்லி நான் யாரையும் கேட்கவில்லை, எனக்காகக் கேட்கும்படி யாரிடமும் சொல்லவுமில்லை' என்று தெய்வத்தின்மேல் ஆணையிட வேண்டும். சேனைத் தலைவனிடம் போய் இப்படி ஒரு சத்தியம் கேட்க யாருக்கும் துணிச்சல் வராது. வாத்தியார்தானே, கேட்டால் செய்வான்.

மற்ற வாத்தியார்களுக்கு அது ஒரு சடங்கு. லியோதமாஸுக்கு மட்டும் அதில்தான் உயிர். ஊர்ச் சம்பளம் வருவதற்கு முன்னால் அவர் மீன் சந்தைக்குப் பின்னால் ஒரு தாழ்வாரத்தில் பள்ளி நடத்திக்கொண்டிருந்தார். மீன் நாற்றமும் ஏலக்காரன் கூச்சலும் ஒரு பக்கம் கிடக்கட்டும். மாதம் முடிந்ததும் ஒவ்வொரு வீட்டு வாசலிலும் போய்ப் பல்லைக் காட்டிக்கொண்டு நிற்க வேண்டும். "ஐயா வெளிய போயிருக்காரு" என்று உள்ளேயிருந்தே ஐயா குரல் கொடுத்த வீடுகளும் உண்டு. அதெல்லாம் போய், யாரையும் கெஞ்சாமல், கெஞ்சவில்லை என்று ஊரறியச் சொல்லி ஒரு வேலையில் உட்காருவது அவருக்கு எப்படி இருந்திருக்கும்! முதல் வருடம் அந்தச் சத்தியத்தைச் சொல்லும்போது அவருக்குத் தொண்டை அடைத்தது. அரங்கத்தில் இருந்தவர்கள் பயம் என்று நினைத்துக்கொண்டார்கள்.

இந்த வருடம் நாலு இடத்துக்கு ஐந்து பேர். ஐந்தாமவன் ஃபிலிஸ்கோஸ், ரோதுத் தீவில் படித்துவிட்டு வந்திருந்த இளைஞன். நல்ல குரல், நல்ல உடை. சந்தையில் அவன் நின்று பேசினால் தக்காரும் தகாதாரும் கூட்டம் போடுவார்கள். மற்ற மூன்று பேரில் ஒருவர் சபைத் தலைவருக்கு மைத்துனர், ஒருவர் பூசாரியின் தம்பி, ஒருவர் யாரோடும் சண்டை போடாதவர். கழிபட வேண்டியது யார் என்று கணக்குப் போட லியோதமாஸுக்குப் பெரிய படிப்பு தேவைப்படவில்லை.

மொல்போஸை அடித்த அன்று மாலை சாப்பிட உட்கார்ந்தபோது மனைவி மிர்த்தலே அவித்த பயறும் அத்திப்பழமும் எடுத்து வைத்தாள். அவர் பயறைக் கிளறிக்கொண்டே இருந்தார்.

"என்னங்க, உப்பு இல்லையா?"

"உப்புக்கு என்ன. மறுபடியும் மீன் சந்தைதான்னு நெனச்சேன். வயித்துக்குள்ள போகமாட்டேங்குது."

"அப்படியெல்லாம் ஆகாது. ஊர்ல உங்களத் தெரியாதவங்க யாரு?"

"தெரிஞ்சு என்ன பண்றது. ஃபிலிஸ்கோஸ் சிரிச்சா ஊரே சிரிக்குது." ஒரு அத்திப்பழத்தைப் பிய்த்தார். பிறகு, அதைப் பார்த்தபடியே சொன்னார்: "அபதூரியோஸ் ஒருத்தன் கை தூக்கினா துறைமுகத் தெருவே தூக்கும்."

மிர்த்தலே தண்ணீர்க் குவளையை அவர் பக்கம் நகர்த்தி வைத்தாள்.

"அவன் வீட்டம்மா உனக்குத் தெரிஞ்சவங்கதானே? தெமெத்தர் அம்மன் நோன்புல ஒண்ணா உக்காந்திருந்தீங்களே."

"தெரிஞ்சவங்கதான்." அவள் அவரை நிமிர்ந்து பார்த்தாள். "ஏங்க, நான் போயி ஒரு வார்த்தை கேக்கட்டுமா?"

"நான் அப்படிச் சொன்னேனா?" என்று அவர் சட்டென்று கையை உதறினார். "தெரிஞ்சவங்களான்னு கேட்டேன். அவ்வளவுதான். நான் ஒண்ணும் சொல்லல."

"சரிங்க. நீங்க ஒண்ணும் சொல்லல."

அதற்குப் பிறகு அவருக்குப் பயறு நன்றாகவே இறங்கியது. இன்னும் கொஞ்சம் வை என்று கேட்டு வாங்கிச் சாப்பிட்டார்.

மறுநாள் விடிந்ததும் வீடெல்லாம் வறுத்த எள் மணம். மிர்த்தலே தேனைக் காய்ச்சி எள்ளைக் கொட்டி உருண்டை பிடித்துக்கொண்டிருந்தாள். இரண்டு பேர் உள்ள வீட்டுக்கு அது நிறைய உருண்டை. நல்ல கூடை, விசேஷத்துக்கு மட்டும் எடுக்கிற கூடை, வெள்ளைத் துணி விரித்துத் தயாராக இருந்தது. இன்றைக்கு என்ன விசேஷம் என்று எந்தக் கணவனும் கேட்டிருப்பான். லியோதமாஸ் கேட்கவில்லை. சுருளேட்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, வழக்கமான நேரத்துக்கு வெகு முன்னதாகவே பள்ளிக்குக் கிளம்பிவிட்டார். சாயங்காலம் திரும்பி வந்தபோது கூடை காலியாக ஆணியில் தொங்கியது. அவர் கூடையைப் பார்த்தார். மிர்த்தலே அவரைப் பார்த்தாள்.

"உங்களுக்கு ஒண்ணும் தெரியாது," என்றாள் அவள். "அப்படியே இருங்க."

அவர் அப்படியே இருந்தார்.

சபை கூடும் நாளில் பள்ளிக்கு விடுமுறை. பையன்கள் அரங்கத்தின் உச்சிச் சுவரில் காலைத் தொங்கப்போட்டுக்கொண்டு, தங்கள் வாத்தியார்கள் சத்தியம் செய்வதை வேடிக்கை பார்க்க உட்கார்ந்திருந்தார்கள். வருடம் முழுக்க தங்களைக் கேள்வி கேட்கிறவர்களை ஊர் கேள்வி கேட்கிற ஒரே நாள். அதைத் தவறவிடுவார்களா? கீழே நடுவட்டத்தில் முக்காலியும் தூபக்காலும் வைத்திருந்தார்கள். மல்யுத்த வாத்தியார்கள் ஹெர்மஸ் தெய்வத்தின் பேரில் ஆணையிட்டுவிட்டுப் போனார்கள். பிறகு எழுத்து வாத்தியார்களின் முறை. அவர்களுக்கு அப்பொல்லோவும் கலைமகளிர் ஒன்பது பேரும்.

லியோதமாஸ் நான்காவதாக நின்றார். முன்னால் நின்றவர்கள் ஒவ்வொருவராகச் சொல்லிவிட்டு நகர நகர அவரும் அடி அடியாக முன்னேறினார். மனதுக்குள் ஒருமுறை சரிபார்த்துக்கொண்டார். நான் யாரையாவது கேட்டேனா? இல்லை. யாரையாவது கேட்கச் சொன்னேனா? இல்லை. 'நான் ஒண்ணும் சொல்லல' என்று வாய்விட்டே சொன்னேன், அவளே சாட்சி. அப்படியானால் ஒவ்வொரு சொல்லும் உண்மை. தெய்வத்துக்கு முன்னால் வைத்து எந்தப் பக்கம் திருப்பிப் பார்த்தாலும் ஓட்டை கிடையாது. இப்படி ஒரு வழக்கை ஜெயித்த களைப்பில் மூச்சுவிட நிமிர்ந்தவர், உச்சிச் சுவரில் மொல்போஸ் உட்கார்ந்திருப்பதைப் பார்த்தார்.

பையன் அடிபட்ட கையைத் தூக்கி உற்சாகமாக ஆட்டினான்.

அப்போதுதான் அவருடைய சொந்தக் குரலே அவர் காதில் விழுந்தது. வாய்தான் சும்மா இருந்துச்சு, நீ சும்மா இல்ல. அந்த வாக்கியத்தை வீட்டுக்குப் போகும் வழியெல்லாம் சப்புக்கொட்டிக்கொண்டு போனோமே என்று நினைக்க நாக்கைப் பிடுங்கிக்கொள்ளலாம் போல இருந்தது.

"லியோதமாஸ்!" என்று கட்டியக்காரன் கூப்பிட்டான்.

அவர் முன்னால் போனார். பூசாரி சாம்பிராணியைத் தணலில் போட்டுவிட்டு, சொல்லும்படி தலையசைத்தார். சொல்லாமல் ஒதுங்கிக்கொள்ளலாம். உடம்பு சரியில்லை, இந்த வருடம் வேண்டாம் என்று ஒரு வார்த்தை. அந்த வார்த்தை தொண்டை வரைக்கும் வந்தது. கூடவே மீன் சந்தைத் தாழ்வாரமும் வந்தது, பல்லைக் காட்டிக்கொண்டு நின்ற வாசல்களும் வந்தன. லியோதமாஸ் தணலுக்கு மேல் கையை நீட்டினார்.

"எனக்குக் கை தூக்கச் சொல்லி நான் யாரையும் கேட்கவில்லை. எனக்காகக் கேட்கும்படி யாரிடமும் சொல்லவுமில்லை. அப்பொல்லோ ஆணை, கலைமகளிர் ஆணை."

குரல் கொஞ்சமும் நடுங்கவில்லை. முதல் வருடம் உண்மையாகச் சொன்னபோது அடைத்த தொண்டை, இந்த முறை கணீரென்று கேட்டது. பின்வரிசைக்காரர்கள்கூட நன்றாகச் சொன்னார் என்று தலையாட்டினார்கள்.

கை தூக்கினார்கள். துறைமுகத் தெரு மொத்தமும் ஒரே ஆளாக எழுந்தது. லியோதமாஸுக்கு வந்த கைகள் சபைத் தலைவரின் மைத்துனருக்கு வந்ததைவிட அதிகம். ஃபிலிஸ்கோஸ் கழிபட்டான். கூட்டம் கலையும்போது அந்த இளைஞன் நேரே இவரிடம் வந்து, "அடுத்த வருஷம் வரைக்கும் எனக்கு வேலை இல்லைங்க. உங்க வகுப்புல ஒரு ஓரமா உக்காந்து, நீங்க எப்படி நடத்துறீங்கன்னு பாத்துக்கலாமா?" என்று கேட்டான். கேலி இல்லை, உண்மையாகவே கேட்டான். லியோதமாஸ் ஏதோ முனகிவிட்டு நகர்ந்தார்.

அரங்கத்தின் வாசல் படியில் அபதூரியோஸ் வழிமறித்துக்கொண்டான். தூண்போல ஆள், குரலும் துறைமுகக் குரல்.

"வாத்தியாரே! ஜெயிச்சுட்டு இப்படித் தலையத் தொங்கப்போட்டுக்கிட்டுப் போறீங்க, சீதனம் குறைஞ்ச மாப்பிள்ள மாதிரி!"

"ஒண்ணுமில்ல. வெயில்."

"வீட்டம்மா செஞ்ச எள்ளுருண்ட பிரமாதம்னு சொல்லிருங்க. எங்க வீட்ல ஒண்ணுகூட மிச்சம் வைக்கல, சனியன்கள்." குரலைத் தாழ்த்தி, அதாவது பக்கத்துத் தெருவுக்கு மட்டும் கேட்கும்படி தாழ்த்தி, சொன்னான்: "எதுக்குக் குடுத்தாங்கன்னும் எம் பொண்டாட்டி சொன்னா. பொம்பளைங்க விவகாரம், விட்டுத் தள்ளுங்க. உங்களுக்குத் தெரியாமத்தான் வந்திருப்பாங்க. உங்களத் தெரியாதா எனக்கு?"

லியோதமாஸ் வாயைத் திறந்தார். எனக்குத் தெரியும் என்று இரண்டே சொல். வரவில்லை.

"உருண்டைக்குக் கை தூக்கினேன்னு மட்டும் நெனச்சுராதீங்க வாத்தியாரே," என்று அபதூரியோஸ் அவர் தோளில் கைபோட்டான். "அதுக்கு முன்னாடியே முடிவு பண்ணிட்டேன். அன்னைக்கு எம் பையன் கை வீங்கிப்போய் வந்தான். எதுக்குடா அடிச்சாருன்னேன். 'நான் கேக்கலப்பா, கேக்காம நின்னதுக்கு அடிச்சாரு'ன்னான். முதல்ல எனக்கு ஒண்ணும் வெளங்கல. நீங்க சொன்னத அப்படியே சொன்னான் பாருங்க, எனக்குப் புல்லரிச்சுருச்சு. நான் சரக்கு ஏத்துற தொழில்ல இருக்கேன். வாயத் திறக்காம லஞ்சம் வாங்குறவன், வாயத் திறக்காம எடுத்து வைக்கிறவன், இவனுகளோடதான் விடிஞ்சா அடைஞ்சா பொழப்பு. எம் பையன் அப்படி ஆகக்கூடாது. அன்னைக்கே எங்க தெரு முழுக்கச் சொல்லிட்டேன், கை தூக்குனா இந்த மனுஷனுக்குத்தான்னு."

அப்படியென்றால் அந்தக் கூடை போகாமலே இருந்திருந்தாலும் இதே கைகள். கேட்காமலே கொடுக்க வைத்திருந்ததை, மனைவியை அனுப்பித் திருடிக்கொண்டு வந்திருக்கிறோம். லியோதமாஸ் அபதூரியோஸின் முகத்தைப் பார்க்காமல் அவன் செருப்பைப் பார்த்துக்கொண்டு, "ரொம்ப நல்லது" என்றார். எதற்கு அப்படிச் சொன்னார் என்று அவருக்கே தெரியவில்லை.

வீட்டில் மிர்த்தலே வாசலிலேயே காத்துக்கொண்டிருந்தாள். செய்தி அவருக்கு முன்னால் வந்து சேர்ந்துவிட்டது. அவள் முகத்தில் இருந்த சந்தோஷம் அவருக்கு ஆகவில்லை. வெட்கம் தாங்காத மனுஷன் அதை இறக்கிவைக்கப் பக்கத்தில் இருக்கிற தலையைத்தான் தேடுவான்.

"அபதூரியோஸ் வீட்டுக்கு உன்ன யாரு போகச் சொன்னது?" என்றார். தெருவில் போகிறவர்களுக்குக் கேட்கும் குரலில்.

மிர்த்தலேயின் முகத்திலிருந்து சிரிப்பு போயிற்று. அவரை நேராகப் பார்த்தாள். அன்று மாலை அத்திப்பழத்தைப் பார்த்துக்கொண்டே அவர் பேசிய ஒவ்வொரு வார்த்தையும் அவளுக்கு நினைவிருந்தது. அது அவள் கண்ணில் தெரிந்தது, அவருக்கும் தெரிந்தது.

"யாரும் சொல்லலைங்க," என்றாள். "நானாத்தான் போனேன்."

பிறகு உள்ளே போய், அவருக்குச் சாப்பாடு எடுத்து வைத்தாள். அவருக்கென்று தனியாக எடுத்துவைத்திருந்த எள்ளுருண்டைகள் இரண்டு தட்டின் ஓரத்தில் இருந்தன. அவர் அவற்றைத் தொடவில்லை. அவள் ஏன் என்று கேட்கவுமில்லை.

மறுநாள் பள்ளி நிறைந்திருந்தது. ஃபிலிஸ்கோஸ் சொன்னபடியே வந்து பின்னால் அடிமைகளோடு அடிமையாக உட்கார்ந்திருந்தான். லியோதமாஸ் சீக்கிரம் நேரத்தைக் கழித்தால் போதும் என்று அரிச்சுவடி, கணக்கு என்று ஓட்டிப் பார்த்தார். ஆனால் மொல்போஸ் தானாகவே எழுந்து நின்றுவிட்டான்.

"ஐயா, போர்ப்பாட்டு நான் சொல்றேன்."

"நாளைக்குச் சொல்லலாம். உக்காரு."

"இல்லைங்க ஐயா, இப்பவே சொல்றேன். படிச்சுட்டு வந்திருக்கேன்."

ஆரம்பித்தான். உண்மையிலேயே படித்திருந்தான். கப்பல்கள் வந்தன, பாய்களை இறக்கினார்கள், கரை தெரிந்தது. அதே இடத்தில் அதே மாதிரி நின்றுபோனான். முகம் வேர்த்தது. உதட்டைக் கடித்தான். பக்கத்தில் தியோன் மெழுகுப்பலகையை மெல்ல மேலே தூக்குவது வகுப்புக்கே தெரிந்தது. மொல்போஸுக்கும் தெரிந்தது.

சட்டென்று இரண்டு கையாலும் காதைப் பொத்திக்கொண்டான். கண்ணையும் இறுக மூடிக்கொண்டான். அப்படியே நின்றான். தியோன் முணுமுணுத்தது அவன் பக்கம் போகவேயில்லை. வகுப்பில் யாரும் சிரிக்கவில்லை. திராக்கியக் கிழவன்கூட வாயைத் திறக்கவில்லை. வெகுநேரம் கழித்து, எங்கேயோ அடியிலிருந்து தோண்டியெடுத்த மாதிரி, அந்த வரி பையனுக்கு வந்துவிட்டது. பாதி தப்பும் பாதி சரியுமாக, ஆனால் அவனுடையதாகவே வந்தது. சொல்லிவிட்டுக் கண்ணைத் திறந்தான். காதிலிருந்து கையை எடுக்காமலே, முகமெல்லாம் சிரிப்பாக வாத்தியாரைப் பார்த்தான்.

"இப்ப சரிங்களா ஐயா?"

வகுப்பு வாத்தியாரைப் பார்த்தது. பின்னால் ஃபிலிஸ்கோஸும் கற்றுக்கொள்ள வந்தவனாக முன்னால் குனிந்து பார்த்துக்கொண்டிருந்தான்.

லியோதமாஸ் பதில் சொல்லப் பார்த்தார். நேற்று அரங்கமே கேட்கும்படி கணீரென்று வந்த குரல் இன்றைக்கு ஒரு பையனுக்கு முன்னால் வரமாட்டேன் என்றது. கையிலிருந்த பிரம்பைச் சுவரோரம் சாய்த்துவைத்தார். அது சரிந்து கீழே விழுந்தது. அதைக் குனிந்து எடுக்காமல் பையன்களுக்கு முதுகைக் காட்டித் திரும்பி நின்றுகொண்டார்.

"ஐயா?" என்றான் மொல்போஸ், காதைப் பொத்தியபடியே. "நீங்க சொன்னது எனக்குக் கேக்கலைங்க."